தென்னை நார்த்தூளும் உலகச் சந்தையின் சுற்றுச்சூழல் சரக்குகளும்

தேங்காயை உரித்தபின் எஞ்சும் மட்டை முன்னாட்களில் அடுப்புக்கும் தோப்புக் குழிக்குமே பயன்பட்டு வந்தது. இப்பொழுது அவ்விதமில்லை. பொள்ளாச்சி, உடுமலைப்பேட்டைப் பக்கங்களிலும், தஞ்சாவூர் ஜில்லாவில் பட்டுக்கோட்டை, பேராவூரணிப் பிரதேசங்களிலும், மட்டை வியாபாரி களத்துக்கே லாரியுடன் வந்து, எண்ணி விலை கொடுத்து எடுத்துச் செல்லுகிறார். மஞ்சி மில்லில் மட்டையைத் தட்டி நாரைப் பிரிக்கும்போது, ஒரு பங்கு நாருக்குச் சுமார் இரண்டு பங்கு தூள் உதிருகிறது. நார்த்தூள் என்றும் நார்க்கழிவு என்றும் நாமும், ‘பித்’ என்று மில்காரரும் வழங்கும் இப்பொருள், வெகுகாலம் கொள்வாரின்றி மில்லின் பின்புறத்தில் குன்றுகுன்றாகக் கிடந்தது. இன்று அதுவே கப்பலேறுகிறது. 2020–21ஆம் ஆண்டில் இந்தியாவிலிருந்து அந்நிய நாடுகளுக்குச் சென்ற தென்னை நார்ச் சரக்குகளின் மொத்த மதிப்பு சுமார் 3,779 கோடி ரூபாய். அதில் ஏறக்குறையச் சரிபாதியைச் சம்பாதித்தது நாரும் அன்று, கயிறும் அன்று, மிதியடியும் அன்று, இத்தூளே.

இவ்வியாபாரத்தினால் தென்னை விவசாயிக்கு ஒரு புது வரும்படி கிடைத்திருப்பதை மறுப்பதற்கில்லை. ஆயினும் நிலச்சொந்தக்காரரும் கிராம அதிகாரிகளும் கவனிக்க வேண்டிய கணக்கு ஒன்று இதில் அடங்கியிருக்கிறது. கடலுக்கு அப்பால் ‘சுற்றுச்சூழலுக்கு நன்மை செய்யும் சரக்கு’ என்னும் நற்பெயருடன் விற்பனையாகும் ஒரு பொருள், அது தயாராகும் ஊரின் கிணற்றுக்கு என்ன செய்கிறது என்பதே அக்கணக்கு.

அந்நியர் இதை வாங்கும் காரணம்

குளிர்நாடுகளின் சதுப்பு நிலங்களில் பாசி முதலியவை நீரில் அமிழ்ந்து, காற்றுப் படாமையால் முழுவதும் மக்காமல், படிந்து படிந்து உண்டாகும் பொருளுக்குப் ‘பீட்’ என்று பெயர். ஐரோப்பாவிலும் வட அமெரிக்காவிலும் நாற்றங்கால்காரர்களும் தோட்டக்காரர்களும் வெகுகாலமாக இதையே தொட்டிமண்ணாக உபயோகித்து வந்தனர். இது இலேசானது, நீரைத் தாங்குவது, களை விதை குறைந்தது. ஆனால் இது விளைவது மிகவும் மெதுவாக. ஆண்டொன்றுக்குச் சுமார் ஒரு மில்லிமீட்டர் என்பது பொதுக்கணக்கு. அவ்வாறாயின் ஒரு முழ ஆழம் சேருவதற்கு நானூறு ஆண்டுகளுக்கு மேலாகும். உலகத்து நிலப்பரப்பில் பீட் நிலங்கள் நூற்றுக்கு மூன்று பங்கே. எனினும் உலகத்துக் காடுகள் அனைத்தின் மரங்களிலும் உள்ளதைவிட அதிகமான கரி இந்நிலங்களில் அடங்கியிருக்கிறது. நீரை வடித்து வெட்டி எடுக்கும்போது அக்கரி காற்றில் கலந்து பூமியின் உஷ்ணத்தை மிகுவிக்கிறது.

இக்காரணத்தால் மேல்நாடுகளில் பீட்டை விலக்க வேண்டுமென்னும் அபிப்பிராயம் வலுத்தது. அயர்லாந்து சர்க்காருக்குச் சொந்தமான போர்ட் நா மோனா என்னும் கம்பெனி, தான் பீட் எடுப்பதை முடித்துக்கொண்டதாக 2021 ஜனவரியில் அறிவித்தது. இங்கிலாந்தில் வீட்டுத் தோட்டங்களுக்குப் பீட் விற்பதை 2024க்குள் தடுத்துவிடுவதாக 2022 ஆகஸ்டில் அறிவிப்பு வெளியாயிற்று. ஆனால் அதற்குரிய சட்டம் குறித்த காலத்துக்குள் நிறைவேறவில்லை. சட்டம் வந்தாலும் வராவிட்டாலும் பீட்டுக்கு மாற்றுப்பொருள் தேடும் முயற்சி நிற்கவில்லை. அம்மாற்றுப் பொருள்களில் முக்கியமானது நம் நார்த்தூள். தன் எடையைப் போல் பல மடங்கு நீரைத் தாங்கி நிற்பதும், எளிதில் மக்கிப்போகாததும், இயந்திரத்தால் அமுக்கிக் கட்டியாக்கத் தகுந்ததும் அதன் விசேஷ குணங்கள். செங்கல்லைப் போல் அமுக்கிய ஐந்து கிலோக் கட்டி ஒன்று, தண்ணீர் விட்டால் எழுபது லிட்டர் அளவுக்குப் பெருகும். இச்சரக்கை உலகத்துக்கு அதிகமாக அனுப்பும் நாடுகள் இந்தியாவும் இலங்கையுமே.

பட்டியலைப் பற்றிய வழக்கு

சுற்றுச்சூழல் சரக்கு என்பது எது என்று தீர்மானிப்பதில் கால் நூற்றாண்டாக ஒரு வழக்கு நடந்து வருகிறது. 2001 நவம்பரில் கத்தார் நாட்டின் டோஹா நகரில் உலக வர்த்தக ஸ்தாபனத்தின் மந்திரிகள் கூடியபோது வெளியிட்ட பிரகடனத்தின் 31ஆம் பாராவில், சுற்றுச்சூழல் சரக்குகளுக்கும் பணிகளுக்கும் உள்ள தீர்வைகளையும் மற்றத் தடைகளையும் குறைக்கவோ அறவே நீக்கவோ பேச்சு நடத்த வேண்டுமென்று கண்டிருந்தது. அச்சரக்குகள் எவை என்று மட்டும் அதில் சொல்லப்படவில்லை.

தொழில்வளம் மிகுந்த நாடுகள் கொண்டுவந்த பட்டியல்களில் புகைபோக்கி வடிகட்டிகள், சாக்கடை நீரைச் சுத்தம் செய்யும் கருவிகள், அளவை இயந்திரங்கள், காற்றாலைகள், சூரிய சக்திப் பலகைகள் ஆகியவையே பெரும்பாலும் காணப்பட்டன. அவையெல்லாம் அந்நாடுகளின் தொழிற்சாலைகளில் உற்பத்தியாகும் பண்டங்கள். இதில் வேறொரு சிக்கலும் இருந்தது. உலகமெங்கும் சுங்கச்சாவடிகளில் சரக்குகளை ஆறு இலக்க எண்களால் வகைப்படுத்துகின்றனர். ஒரு பம்பு சாக்கடையை இறைக்கப் போகிறதா, மண்ணெண்ணெய்க் கிணற்றில் இறங்கப் போகிறதா என்பதை அந்த எண் காட்டாது. சரக்கைப் பார்த்துத் தீர்வையை நீக்காமல், அது செல்லும் திட்டத்தைப் பார்த்து, அத்திட்டம் நடக்கும் காலத்துக்கு மட்டும் சலுகை அளிக்கலாம் என்று 2005இல் இந்தியா யோசனை கூறிற்று. அது பொது உடன்பாட்டைப் பெறவில்லை.

இயந்திரங்களேயன்றி வேறு வகைப் பொருள்களும் உண்டென்பதை ஐக்கிய நாடுகளின் வர்த்தக அபிவிருத்தி மாநாட்டு அமைப்பு 1995லேயே எடுத்துக் காட்டியிருந்தது. உண்டாகும்போதோ உபயோகத்திலோ கழிக்கும்போதோ, அதே வேலைக்குப் பயன்படும் மற்றப் பண்டத்தைவிடக் குறைந்த கேடு விளைப்பவை அப்பொருள்கள். சணல், தென்னை நார் முதலிய இயற்கை நார்கள் இவ்வகையைச் சேர்ந்தவை. விவசாய நாடுகளுக்கு உரிய இடம் இதுதான். ஆனால் பேச்சுவார்த்தைகளில் இதற்குக் கிடைத்த இடம் சொற்பம். 2012 செப்டம்பரில் விளாடிவாஸ்டாக் நகரில் பசிபிக் கரை நாடுகளின் பொருளாதாரக் கூட்டுறவு அமைப்பு 54 சரக்குகளைக் குறித்து, அவற்றின் தீர்வையை 2015 முடிவுக்குள் நூற்றுக்கு ஐந்துக்கு மேற்படாமல் குறைப்பதென்று ஒப்புக்கொண்டது. அந்த 54இல் இயற்கைப் பொருளால் ஆனதென்று சொல்லத்தக்கது மூங்கிலால் செய்த தரைப்பலகை ஒன்றே. மற்றவையெல்லாம் இயந்திரமும் கருவியும். இந்தியா அவ்வமைப்பில் அங்கத்தினர் அன்று.

பிறகு 2014 ஜூலையில் உலக வர்த்தக ஸ்தாபனத்தின் அங்கத்தினர் சிலர் தனியே ஓர் உடன்படிக்கைக்கு முயன்றனர். இந்தியா அதில் சேரவில்லை. சைக்கிள் சுற்றுச்சூழல் சரக்கா அன்றா என்பது முதலிய விவகாரங்களில் கருத்து ஒவ்வாமல் 2016 டிசம்பரில் அம்முயற்சி நின்றுபோயிற்று. சைக்கிளைக் குறித்தே இத்தனை வழக்கென்றால் மட்டைத் தூளைக் குறித்து யார் கவலைப்படுவார்! ஆயினும் 2024 நவம்பரில் நியூசிலாந்து, கோஸ்டா ரிக்கா, ஐஸ்லாந்து, சுவிட்ஸர்லாந்து ஆகிய நான்கு நாடுகளும் ஓர் உடன்படிக்கையில் கையொப்பமிட்டபோது, நியூசிலாந்து தன் கம்பளிச் சரக்குகளுக்கும் மரச் சரக்குகளுக்கும் அதில் இடம் பெற்றுக்கொண்டது. ஒரு பொருள் பட்டியலில் ஏறுவது அதன் குணத்தை மட்டும் பொறுத்ததன்று. பேச்சில் அமர்ந்திருப்பவர் யார் என்பதையும் பொறுத்தது என்று இதனால் விளங்கும்.

விவசாயி வாங்கும் பக்கத்திலும் இவ்வழக்கு வந்து தொடுகிறது. சூரிய சக்திப் பம்புசெட்டின் பலகைகள் எல்லாப் பட்டியல்களிலும் காணப்படும் சரக்கு. ஆனால் உள்நாட்டுத் தொழிலை வளர்க்கும் பொருட்டு 1–4–2022 முதல் இந்தியா அப்பலகைகளின் இறக்குமதிக்கு நூற்றுக்கு 40 வீதம் தீர்வை விதித்தது. அதற்கு முன்பே, உள்நாட்டில் செய்த சாதனங்களையே உபயோகிக்க வேண்டுமென்ற நிபந்தனையைக் குறித்து அமெரிக்கா வழக்குத் தொடுத்து 2016இல் தீர்ப்புப் பெற்றதும் உண்டு. சொந்தப் பட்டறையைக் காத்துக்கொண்டு பிறர் சந்தையைத் திறக்கச் சொல்லுவது எல்லா நாடுகளுக்கும் பொதுவான இயல்பாகவே இருக்கிறது.

தீர்வையன்று, தரமே தடை

தென்னை நார் அப்பட்டியல்களில் ஏறினால் நமக்கு நன்மை மிகுமா என்று கேட்கலாம். பின்னிய பாய், மிதியடி முதலியவற்றுக்கு ஓரளவு நன்மை உண்டு. தூளைப் பொறுத்தவரையில் ஐரோப்பியச் சந்தையில் தீர்வை ஒரு தடையாக இல்லை. அங்கே தடையாக நிற்பவை மூன்று. முதலாவது கப்பற் கூலி: இலேசான சரக்காதலின் விலையில் பெரும்பங்கைக் கூலி தின்றுவிடும், 2021இல் கன்டெய்னர் வாடகை எங்கும் ஏறியபோது ஏற்றுமதியாளர் பட்ட சிரமம் பலருக்கு நினைவிருக்கும். இரண்டாவது, களை விதையும் நோய்க்கிருமியும் இல்லையென்னும் பயிர்ச் சுகாதாரச் சான்று. மூன்றாவதும் முக்கியமானதும் உப்பின் அளவு. மில்காரர் இதை ‘ஈ.சி.’ என்பர். நயமான சரக்குக்கு இது 0.5க்குள் இருக்க வேண்டுமென்று வாங்குவோர் கேட்கின்றனர்.

இவ்விடத்தில்தான் பணிகளின் வியாபாரமும் வருகிறது. சரக்கைச் சோதித்து முத்திரை வழங்குவது தனித்ததொரு தொழில். ஹாலந்து தேசத்தின் ஆர்.எச்.பி. என்னும் தரமுத்திரை இத்துறையில் பேர்பெற்றது. சோதனைக்கும் முத்திரைக்கும் ஏற்றுமதியாளர் செலுத்தும் தொகை, நாம் அந்நியரிடமிருந்து பணியை வாங்குவதற்குச் சமானம். கழிவுநீர்ச் சுத்திகரிப்பு, குப்பை அகற்றல் போன்றவற்றையே உலக வர்த்தக ஸ்தாபனம் சுற்றுச்சூழல் பணிகள் என்ற தலைப்பில் வைத்திருக்கிறது; இம்மாதிரிச் சோதனை வேறு தலைப்பில் அடங்கும். பெயர் எதுவாயினும் காசு போகும் திசை ஒன்றே.

சலவைத் தண்ணீர்

உப்பைக் குறைப்பதற்கு உள்ள வழி கழுவுதல். நார்த்தூள் களிமண்ணைப் போலச் சில உப்புச்சத்துக்களைத் தன்னிடம் பற்றிக்கொள்ளும் இயல்புடையது. மட்டையிலிருந்து வரும் சாம்பற்சத்தும் சோடியமும் அவ்வாறு பற்றி நிற்பவை. நல்ல தண்ணீரில் கழுவினால் தளர்ந்திருக்கும் உப்பு மட்டும் போகும். பற்றி நிற்பது போகாது. அதைப் பெயர்ப்பதற்காகக் கால்சியம் நைட்ரேட் என்னும் உப்பைக் கரைத்த நீரில் தூளை ஊறவைக்கின்றனர். கால்சியம் உள்ளே புகுந்து இடம் பிடிக்க, சோடியமும் சாம்பற்சத்தும் வெளியேறுகின்றன. இவ்வாறு செய்யாமற்போனால், ஹாலந்து தேசத்துக் கண்ணாடிக்கூடத்தில் தக்காளிக்கு இடும் கால்சியத்தைத் தூள் பறித்துக்கொண்டு, காயின் அடி கருகிப் போகும். வாங்குவோர் பிடிவாதமாக இருப்பதற்குக் காரணம் இதுவே.

அங்கே தக்காளிக் காய் கருகாதிருப்பதற்காக இங்கே எஞ்சுவது, செம்பழுப்பு நிறமுள்ள கழிவுநீர். அதில் மட்டையின் துவர்ப்புச்சத்து, சாம்பற்சத்து, சோடியம், ஊறவைத்ததில் மிஞ்சிய நைட்ரேட் ஆகியவை கலந்திருக்கும். தளமிடாத தரையில் அதை விட்டால் மண்ணில் இறங்கிக் கிணற்றைச் சேரும். தூளைத் திறந்த வெளியில் குவித்திருந்தாலும் மழைநீர் அதே நிறத்துடன் வடியும். பொள்ளாச்சிப் பக்கத்துக் கிராமங்களில் கிணற்று நீர் நிறம் மாறிற்று என்னும் முறையீடு சில ஆண்டுகளாகவே எழுந்து வருகிறது. நைட்ரேட் குறிப்பாகக் கவனிக்கத்தக்கது. குடிநீரில் அது லிட்டருக்கு 45 மில்லிகிராமுக்கு மேற்படலாகாது என்பது இந்தியத் தர நிர்ணய அமைப்பின் விதி. மிஞ்சினால் கைக்குழந்தைகளின் இரத்தத்துக்குக் கேடு விளையும். நைட்ரேட்டுக்கு நிறமுமில்லை, நாற்றமுமில்லை, சோதித்தாலன்றித் தெரியாது.

பட்டியல் தயாரிப்போர் இதைப் பார்ப்பதில்லை. சரக்கு உபயோகத்தில் என்ன நன்மை செய்கிறது என்பதே அவர்கள் கேள்வி. எவ்விதம் தயாரிக்கப்பட்டது என்பதன்று. தயாரிப்பு முறையை ஆராயத் தொடங்கினால் செல்வ நாடுகள் அதையே சாக்காக வைத்து ஏழை நாடுகளின் சரக்கைத் தடுத்துவிடும் என்று இந்தியாவும் வேறு பல நாடுகளும் அஞ்சி எதிர்த்து வந்திருக்கின்றன. அந்த அச்சத்தில் நியாயமுண்டு. ஆயினும் அதன் விளைவாக, சலவைத் தண்ணீரைப் பற்றி விசாரிக்கும் பொறுப்பு முழுவதும் நம்முடையதாகிறது.

சாம்பற்சத்தின் கணக்கு

இன்னொரு நஷ்டமும் உண்டு. இது கண்ணுக்குத் தெரியாமல் நடைபெறுவது. தென்னை சாம்பற்சத்தை மிகுதியாக விரும்பும் மரம். அச்சத்தில் பெரும்பங்கு காயின் மட்டையிலேயே சென்று தங்குகிறது. நெட்டை ரகத் தென்னை ஒன்றுக்கு ஆண்டுதோறும் இரண்டு கிலோ மியூரியேட் ஆப் பொட்டாஷ் இட வேண்டுமென்பது தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக் கழகத்தின் சிபாரிசு. ஏக்கராவுக்கு எழுபது மரமென்றால் 140 கிலோ, அதாவது மூன்று மூட்டைக்குச் சற்றுக் குறைவு. இவ்வுரத்துக்காக இந்தியா கானடா, ருஷியா, பெலாரஸ், ஜோர்டான், இஸ்ரேல் முதலிய நாடுகளின் இறக்குமதியையே நம்பியிருக்கிறது. 2022இல் அந்த நாடுகளின் வரத்துக் குழம்பியபோது 50 கிலோ மூட்டை 1,700 ரூபாய் வரை ஏறியது.

தோப்பின் சாம்பற்சத்து மட்டையோடு மில்லுக்குப் போகிறது; அங்கே கழுவப்பட்டுக் கிணற்றுக்குப் போகிறது; கழுவிய தூள் கப்பலேறுகிறது; தோப்புக்கு வேண்டிய சாம்பற்சத்து வேறொரு கப்பலில் வந்திறங்குகிறது. மட்டைக்குக் கிடைத்த விலையைச் சொல்லி மகிழ்பவர் உரக்கடைச் சீட்டையும் பக்கத்தில் வைத்துப் பார்ப்பது நலம். மட்டை முழுவதையும் விற்றுவிடாமல், ஒரு பகுதியை மரத்தைச் சுற்றிக் குழியிலிட்டுப் புதைத்தால், அது ஐந்தாறு ஆண்டுகள் வரை ஈரத்தைக் காத்துச் சத்தையும் சிறுகச் சிறுக விடும். கோடையில் தண்ணீர் குறையும் தோப்புகளில் இதன் பலன் தெளிவாகத் தெரியும்.

செய்யத்தக்கவை

மட்டை விற்கும் நிலச்சொந்தக்காரர் பேரம் பேசும்போதே, விலையின் ஒரு பகுதிக்குக் கழுவாத தூளைத் திரும்பக் கேட்டு வாங்கலாம். கழுவாத தூளில் சாம்பற்சத்து முழுவதும் இருக்கும்; மில்காரருக்கும் அவ்வளவு தூளுக்குச் சலவைச் செலவு மிச்சம். மில் அல்லது சலவைக் களம் அருகிலிருக்கும் கிணற்றுக்குரியவர்கள், மழைக்கு முன் ஒருமுறையும் மழைக்குப் பின் ஒருமுறையும் நீரின் உப்பையும் நைட்ரேட்டையும் சோதித்துக் குறித்து வைத்திருக்க வேண்டும். பின்னால் முறையிட நேரும்போது, முந்தைய ஆண்டின் சோதனைச் சீட்டு கையிலிராவிட்டால் முறையீடு நிலைப்பது கடினம்.

கிராம நிர்வாக அதிகாரிகளும் பஞ்சாயத்துத் தலைவர்களும் கேட்க வேண்டிய கேள்விகள் சிலவே. தூள் குவிக்கும் களத்துக்கும் சலவைத் தொட்டிக்கும் சிமெண்டுத் தளம் உண்டா? கழிவுநீரைச் சேர்த்துத் திரும்ப உபயோகிக்கும் தொட்டி உண்டா? மழைநீர் குவியலில் பட்டு ஓடைக்கு வடியாதபடி வாய்க்கால் உண்டா? மாசுக் கட்டுப்பாட்டு வாரியத்தின் சம்மதச் சீட்டில் கண்ட நிபந்தனைகள் யாவை? இவற்றை மில் ஏற்படுவதற்கு முன் கேட்பது எளிது. ஏற்பட்டு ஐம்பது பேர் கூலி பெறத் தொடங்கியபின் கேட்பது எளிதன்று.

வெளிநாட்டுச் சந்தையை மட்டும் நம்பியிருக்க வேண்டுவதுமில்லை. தென்னை நாரால் பின்னிய வலையைச் சாலைக் கரைகளிலும் ஏரிக்கரைச் சரிவுகளிலும் விரித்தால், புல் வேரூன்றும் வரை மண் அரிக்காமல் காக்கும். கிராமச் சாலைத் திட்டத்தில் ஏழு மாநிலங்களில் 1,674 கிலோமீட்டருக்கு இவ்வலையை உபயோகிப்பதென்று 2020இல் தீர்மானிக்கப்பட்டது. அதில் தமிழ்நாட்டின் பங்கு 369 கிலோமீட்டர். வலைக்குக் கழுவிய தூள் வேண்டியதில்லை. சலவைத் தண்ணீரும் இல்லை.

தூளை வயலுக்கு இடுவோர் பச்சையாக இடலாகாது. அதில் கரிக்கும் தழைச்சத்துக்கும் உள்ள விகிதம் நூற்றுப் பன்னிரண்டுக்கு ஒன்று என்னும் அளவில் இருப்பதால், மக்கும்போது மண்ணிலுள்ள தழைச்சத்தை இழுத்துக்கொண்டு பயிரை வெளுக்கச் செய்யும். தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக் கழகம் காட்டிய முறை வருமாறு: ஒரு டன் தூளுக்கு ஐந்து கிலோ யூரியாவும் ஐந்து புட்டி சிப்பிக்காளான் வித்தும் வேண்டும். நிழலுள்ள மேட்டிடத்தில் நூறு கிலோத் தூளைப் பரப்பி, அதன்மேல் ஒரு புட்டி வித்தைத் தூவ வேண்டும். அடுத்த நூறு கிலோவைப் பரப்பி ஒரு கிலோ யூரியாவைத் தூவ வேண்டும். இவ்வாறு மாற்றி மாற்றிப் பத்து அடுக்கும் முடிந்தபின் ஓலையால் மூடி, ஈரம் உலராமல் தண்ணீர் தெளித்து வர வேண்டும். ஒரு மாதம் முதல் இரண்டு மாதத்துக்குள் செந்நிறம் மாறிக் கருநிறமாகும். குவியல் தணிந்து, கையில் எடுத்தால் மண்வாசனை வீசும். அப்போது மேற்படி விகிதம் இருபத்துநான்குக்கு ஒன்று என்ற அளவுக்கு இறங்கியிருக்கும். கடைசி உழவுக்கு முன் நிலத்திலும், தென்னைக்கு வட்டப்பாத்தியிலும் அதை இடலாம். குவியல் வைக்கும் இடம் கிணற்றுக்கு மேட்டுப் பக்கத்தில் இல்லாமல் பார்த்துக்கொள்ள வேண்டும்.